வெளியில் தூங்குகிற பிள்ளை

கீழ்வீட்டுக்கு நோர்வேயில் இருந்து ஆட்கள் வருகிறார்கள் என்று வீட்டுக்காரர் சொன்னபோதே எனக்கு அவ்வளவு பிடிக்கவில்லை. லண்டன் வால்தம்ஸ்டோவில் அந்த நாட்களில் நோர்வேயால் வந்த எங்கள் சனத்தைப் பற்றி ஒரு பேச்சு இருந்தது. கையில் நல்ல பாஸ்போர்ட், வாயில் இங்கிலீசு இல்லை, எதைக் கண்டாலும் 'அங்க இப்பிடியில்லை' என்று ஒரு சொல். ஜெர்மனியால் வந்தவர்களும் டென்மார்க்கால் வந்தவர்களும் அப்படித்தான். ஆனாலும் நோர்வேக்காரரிடம் அது கொஞ்சம் கூட.

இரண்டாயிரத்து ஐந்தில், குளிர் தொடங்குகிற நேரம் வந்து இறங்கினார்கள். பெனடிக்ற், அவன் மனைவி இம்மாகுலேற், துஷ்யா என்று ஒரு கைக்குழந்தை. பெரியவர்கள் இருவரும் குருநகர்க் கடற்கரையில் பிறந்தவர்கள். கனகாலம் பிள்ளை இல்லாமல் இருந்து, மாதாவுக்கு நேர்த்தி வைத்து, ஆஸ்பத்திரிகள் ஏறி இறங்கி, நாற்பது வயதுக்குக் கிட்ட இம்மாகுலேற் பெற்ற பிள்ளை அது. இதையெல்லாம் வந்த கிழமையே பெனடிக்ற் எனக்குச் சொல்லிவிட்டான். நான் மேல்மாடியில் தனியாக இருக்கிறவள், கந்தோர்கள் துப்புரவாக்கும் விடிகாலை ஷிப்ட் முடித்துப் பத்து மணிக்கெல்லாம் வந்துவிடுவேன். சமையலறை கீழே, இரண்டு வீட்டுக்கும் பொது. ஒரே அடுப்பில் சமைக்கிற ஆட்களுக்குள் எதை ஒளிப்பது?

ஒருநாள் வேலையால் வந்து என் அறை யன்னல் திரையை விலக்கினால், வீட்டுக்குப் பின்னால் கோடிக்குள், வேலியோரம், ஒரு கறுப்புத் தள்ளுவண்டில் நிற்கிறது. நல்ல குளிர். வண்டிலுக்குள் பிள்ளை. சுற்றிவர ஒரு குருவிகூட இல்லை. எனக்குக் கோபம் தலைக்கேறியது. செருப்பையும் போடாமல் கீழே ஓடினேன்.

"எடி பிள்ளை, குழந்தையை வெளியில விட்டிட்டு உள்ளுக்க என்னடி செய்யிறாய்?"

இம்மாகுலேற் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

"படுத்திருக்கிறாள் அக்கா."

"அது எனக்கும் தெரியுது. ஏன் குளிருக்க படுத்திருக்கிறாள்?"

"இதென்ன குளிர்? எங்கட ஊரில இது கோடை."

அவள் 'எங்கட ஊர்' என்றது குருநகரை அல்ல. நோர்வேயின் வடக்கு அந்தலையில், கடலோரத்தில், ஸ்கார்விக் என்று ஒரு சின்ன மீன்பிடி ஊர். பெனடிக்ற் அகதியாகப் போய் அங்கேயுள்ள மீன் பக்டரியில் வேலைக்குச் சேர்ந்து, பிறகு இவளைக் கூப்பிட்டான். மாரியில் மாதக்கணக்காகச் சூரியனே எழும்பாத ஊராம் அது.

"விசர்க் கதை கதையாதை. சளி பிடிச்சால்?"

"வீட்டுக்குள்ள அடைச்சு வைச்சால்தான் அக்கா சளி பிடிக்கும். உள்ளுக்கு கம்பளிச் சட்டை, மேல ஆட்டுத்தோல் பை. அவளுக்கு வேர்க்காட்டிச் சரி." கையைக் கழுவிக்கொண்டு வெளியே போய்ப் பிள்ளையின் பிடரிக்குள் இரண்டு விரலை விட்டுப் பார்த்தாள். "அடுப்புமாதிரி இருக்கிறாள். வந்து தொட்டுப் பாருங்கோ."

நான் தொடவில்லை. ஊரோடு ஒத்து ஓடு என்பார்கள். இந்த ஊரில் நாயைக்கூட ஒருவரும் கோடிக்குள் படுக்க விடுவதில்லை என்று சொல்லிவிட்டுத் தேத்தண்ணி போட்டேன். அவள் சிரித்தாள். அவளுக்குச் சிரித்தால் கன்னத்தில் குழி விழும், அதைப் பார்த்தால் எனக்குக் கோபம் நிற்காது.

அந்த மாரி முழுவதும் அவள் மீன் வெட்டிக்கொண்டே ஸ்கார்விக்கைச் சொன்னாள். பெனடிக்ற் ஹைஸ்ட்ரீட் சந்தையில் ஒரு தமிழ்க் கடைக்கு மீன் வெட்டுகிறவன், பின்னேரங்களில் பாரைத் தலை, விளைமீன் முள்ளு என்று ஏதாவது கொண்டுவருவான். அவள் கை கத்தியைப் பிடித்தால் வாயும் திறக்கும்.

"முந்தி அங்க பக்டரியே இல்லையாம் அக்கா. பிடிக்கிற மீனை வாலில சோடி சோடியாக் கட்டி, மரப் பரணில தொங்க விடுவினமாம். மாரி முழுக்கக் காத்து. உப்பும் இல்லை, நெருப்பும் இல்லை, காத்திலதான் காயும். எனக்குப் பக்கத்து மேசையில இங்கர் எண்டு ஒருத்தி வெட்டுறவள். அவள்தான் உதெல்லாம் சொல்லுவாள். பக்டரி வரேக்க ஊர்க் கிழடுகள் சண்டையாம், காத்துப் படாத மீன் மீனில்லையெண்டு. சம்பளம் எண்டவுடன எல்லாரும் பரணை விட்டிட்டு உள்ளுக்க போட்டினம். மீனை உள்ளுக்க கொண்டு போச்சினம், பிள்ளையளை மட்டும் உள்ளுக்க எடுக்கேல்லை."

"என்னெண்டடி?"

"பக்டரிச் சுவரோட வரிசையா நிக்கும் தள்ளுவண்டில். தாய்மார் உள்ளுக்க நிண்டு வெட்டுவினம், கண்ணாடியால பாப்பினம், திரும்பவும் வெட்டுவினம். இருட்டெண்டாலும் நிக்கும். யன்னல் வெளிச்சம் வண்டிலுக்கு மேல விழும். ஒரு பிள்ளை அழுதால் ஆர் கிட்ட நிக்கினமோ அவை போய் ஆட்டி விடுவினம்."

கத்தி கொஞ்ச நேரம் நின்றது.

"நான் எத்தினை வருசம் அந்தச் சுவரைப் பாத்துப் பாத்து மீன் வெட்டினனான் தெரியுமே அக்கா? எல்லாற்ற வண்டிலும் நிக்கும், என்ர நிக்காது. பிறகு கடலுக்குள்ளேயே வெட்டி ஐஸாக்கிற பெரிய கப்பல் வந்திட்டுது. மீன் ஊருக்கே வராமல் போச்சு. பக்டரியைப் பூட்டி, சனமெல்லாம் வெளிக்கிட்ட பிறகு துஷ்யா பிறந்தாள். எண்டாலும் நான் கொண்டு போய் அந்தச் சுவரோடதான் விட்டனான். ஒரே ஒரு வண்டில். கல்லில இருந்து காவல் காத்தனான்."

அதற்குப் பிறகு ஏச்சைக் குறைத்துக்கொண்டேன், முற்றாக நிறுத்தவில்லை.

பெனடிக்ற் வேறு மாதிரியான ஆள், சரியான பயந்தாங்கொள்ளி. கதவு தட்டினால் முதலில் மனைவியைப் பார்ப்பான், பிறகு பிள்ளையை, பிறகுதான் கதவை. "அங்க எங்கட சனத்துக்குள்ள எந்த நேரமும் ஒரு கதை ஓடும் அக்கா," என்றான் ஒருநாள். "பிள்ளைக்குக் கையால சோறு தீத்தினால் பிழை, கூடப் படுத்தினால் பிழை, சத்தம் போட்டு ஏசினால் பிழை. இன்ன ஊரில ஒருத்தற்ற பிள்ளையை அரசாங்கக் கந்தோரால வந்து கொண்டு போட்டினமாம் எண்டு சொல்லுவினம். உண்மையோ பொய்யோ, ஆருக்குத் தெரியும். எங்களுக்குக் கடைசியாக் கிடைச்ச பிள்ளை. ஒரு பிழையும் விடக்கூடாதெண்டு எல்லாம் அந்த ஊர்ச் சனத்தைப் போலவே செய்து பழகினனாங்கள். பிள்ளையைப் பாக்க வாற நேர்ஸ் கேப்பா, வெளியில படுக்குதோ எண்டு. ஓமெண்டால் அவவுக்குப் பெரிய சந்தோசம்."

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று நினைத்துக்கொண்டு நான் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

தை மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்று. இம்மாகுலேற் கூழ் காய்ச்சினாள். நண்டு, இறால், மீன்தலை, பயற்றங்காய், பலாக்கொட்டை எல்லாம் ஒரு பெரிய பானைக்குள் கொதிக்க, பனங்கிழங்கில் இடித்த ஒடியல் மாவைக் கரைத்து ஊற்றித் துழாவிக்கொண்டிருந்தாள். மணம் மேல்மாடிக்கு ஏற, நான் கோப்பையோடு இறங்கினேன். சமையலறை முழுக்க ஆவி. யன்னல் கண்ணாடி வெள்ளைச் சீலை போட்டதுபோல மூடியிருந்தது. அவள் அடிக்கொருதரம் உள்ளங்கையால் அதைத் துடைத்துக் கோடியைப் பார்ப்பாள், திரும்பி வந்து துழாவுவாள்.

"மாக் கட்டிபடப் போகுது, கையை விடாதை," என்றேன்.

"புளி காணுமோ எண்டு பாருங்கோ."

நான் உறிஞ்சிப் பார்த்தேன். புளி காணாது என்றேன். இன்னும் கொஞ்சம் கரைத்தாள், உறைப்புப் பார்த்தாள். பிறகு கண்ணாடியைத் துடைத்தாள். துடைத்த கை அப்படியே நின்றது.

வண்டிலின் மூடி பின்னுக்குச் சரிந்து கிடந்தது.

அவள் கத்தவில்லை. வெறுங்காலோடு வெளியே போனாள், நானும் பின்னால் போனேன். ஆட்டுத்தோல் பை திறந்திருந்தது. பிள்ளை இல்லை. கையை உள்ளே விட்டுத் தடவினாள், அடிவரைக்கும் தடவினாள்.

"சூடு இருக்கு அக்கா," என்றாள். "இன்னும் சூடு இருக்கு."

கோடியின் கதவு பின் ஒழுங்கைக்குத் திறக்கும். அது திறந்தே கிடந்தது. ஒழுங்கையில் இரண்டு பக்கமும் ஓடிப் பார்த்தேன். குப்பைத் தொட்டிகள், ஒரு பழைய மெத்தை, ஒருவரும் இல்லை. தூரத்தில் பஸ் போகிற சத்தம் கேட்டது. லண்டன் எவ்வளவு பெரிய ஊர் என்பது இத்தனை வருடத்தில் அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது. திரும்பி வந்து போனை எடுத்தேன்.

இம்மாகுலேற் என் கையைப் பிடித்தாள். மீன் வெட்டிப் பழகிய கை, இரும்புப் பிடி.

"பொலிசுக்கு வேண்டாம் அக்கா."

"உனக்கென்ன மூளை பிசகிப் போச்சோ? விடடி கையை."

"ஏன் வெளியில விட்டனீ எண்டு கேப்பினம். கேட்டிட்டுப் பிள்ளையைத் தரமாட்டினம்."

"முதல்ல பிள்ளை கிடைக்கட்டும். நீ என்ன களவோ எடுத்தனீ? மடியில கனமில்லாட்டி வழியில பயமில்லை."

"மடியில பிள்ளையெல்லோ அக்கா கனம்." அவள் என் கையை விடவில்லை. "கள்ளன் கொண்டு போனால் தேடலாம். அவை கொண்டு போனால் எங்க போய்த் தேடுறது?"

இவள் கள்ளனைவிட உதவிக்கு வருகிறவனுக்கு அல்லவா பயப்படுகிறாள். நான் கையை உதறிக்கொண்டு இலக்கத்தை அழுத்தப் போக, வாசல் மணி அடித்தது.

பக்கத்து வீட்டு மொரீன் நின்றாள். பள்ளிக்கூடச் சாப்பாட்டுக்கூடத்தில் வேலை செய்து ஓய்வு பெற்ற வெள்ளைக்காரி, வேலிக்கு மேலால் எனக்கு எப்போதும் கை காட்டுகிறவள். அவள் தோளில், ஒரு துவாயில் சுற்றி, துஷ்யா வீரிட்டு அழுதுகொண்டிருந்தாள். இம்மாகுலேற் பிள்ளையை வாங்கிய வேகத்தில் துவாய் நிலத்தில் விழுந்தது.

மொரீனும் அழுதிருந்தாள். "சத்தமே இல்லை," என்று என்னிடம் இங்கிலீசில் சொன்னாள். "நான் வேலியால் பார்த்தேன். முகம் வெளிறி, அசையாமல் கிடந்தது. கன்னம் ஐஸ்போல. நான் என்ன நினைத்தேன் என்று உனக்குத் தெரியும்தானே? ஒழுங்கைக் கதவால் வந்து எடுத்துக்கொண்டு வீட்டுக்கு ஓடிவிட்டேன்." மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "கவுன்சிலில் பிள்ளைகளைப் பார்க்கிற பகுதிக்குச் சொல்லியிருக்கிறேன். சொல்லாமல் இருக்க என்னால் முடியாது. மன்னித்துக்கொள்."

அவளை ஏசவும் எனக்கு மனம் வரவில்லை. முதல் நாள் நானும் அப்படித்தானே ஓடினேன்.

பின்னேரம் ஆள் வரும் என்று கவுன்சிலில் இருந்து போன் வந்தது. பெனடிக்ற் சந்தையில் இருந்து ஏப்ரனோடு ஓடி வந்தான், கையெல்லாம் செதில். கழுவினான், திரும்பவும் கழுவினான், கோயிலுக்குப் போடும் கோட்டைப் போட்டான். யன்னலைத் திறந்தான். பிறகு பூட்டினான். பிறகு என்னைப் பார்த்தான்.

"அக்கா, இங்க யன்னல் திறந்திருந்தால் சரியோ, பூட்டியிருந்தால் சரியோ?"

"எனக்கென்ன தெரியும்? பாதி திறந்து விடு."

பாதி திறந்தான். கூழ்ப் பானையை எங்கே ஒளிப்பது என்று தெரியாமல் இரண்டு தரம் தூக்கி இரண்டு தரம் வைத்தான். "அக்கா, நீங்கள்தானே கதைக்கப் போறியள். உடுப்புக் காயப் போட்டவள், ஒரு நிமிசம்தான் எண்டு சொல்லுங்கோ. உங்களைக் கும்பிட்டன்."

சொல்லத்தான் நினைத்தேன். பொய் என்ன பெரிய பொய்? ஆனால் இம்மாகுலேற் பிள்ளையை நெஞ்சோடு அணைத்தபடி மூலையில் இருந்து சொன்னாள். "இல்லை அக்கா, உள்ளதைச் சொல்லுங்கோ. அங்க எல்லாரும் அப்பிடித்தான் எண்டு சொல்லுங்கோ. வேணுமெண்டால் இங்கருக்கு போன் எடுத்துக் கேக்கட்டும்."

வந்தவள் சின்னப் பெண். சப்பாத்தைக் கழற்றட்டுமா என்று கேட்டாள். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டாள். நான் ஸ்கார்விக்கைச் சொன்னேன், பக்டரிச் சுவரைச் சொன்னேன், ஆட்டுத்தோல் பையைக் கொண்டுவந்து காட்டினேன். அவள் பையைத் தடவிப் பார்த்து நல்ல பை என்றாள். பிள்ளை நன்றாக வளர்ந்திருக்கிறது என்றாள். பெனடிக்ற் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான், ஒவ்வொரு சொல்லுக்கும் தலையாட்டினான், விளங்காத சொல்லுக்கு இன்னும் கூட ஆட்டினான்.

கடைசியில் ஒரு கேள்வி கேட்டாள். நான் இம்மாகுலேற்றுக்குச் சொன்னேன். "இண்டைக்கு வந்தது பக்கத்து வீட்டு மனிசி. வேற ஆரும் வந்திருந்தால் எண்டு கேக்கிறா."

இம்மாகுலேற் பிள்ளையின் பிடரிக்குள் விரலை விட்டுப் பார்த்தாள்.

"அங்க வேற ஆரும் இல்லை அக்கா," என்றாள்.

அதை அப்படியே இங்கிலீசில் சொன்னேன். அந்தப் பெண் தலையை அசைத்தாள். இது அந்த ஊர் இல்லை, இனிமேல் பிள்ளையை ஒருபோதும் தனியே வெளியில் விடக்கூடாது, சில கிழமைகளில் திரும்பவும் வந்து பார்ப்பேன் என்றாள். பிள்ளையைக் கொண்டு போகவில்லை. கொண்டு போவது பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. போகும்போது துஷ்யாவின் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனாள். கதவு சாத்தியதும் பெனடிக்ற் கோட்டோடு நிலத்தில் குந்திவிட்டான். "முடிஞ்சுதெடா தம்பி," என்றேன் நான்.

"திரும்பி வருவன் எண்டுதானே அக்கா சொன்னவ," என்றாள் இம்மாகுலேற். "பிள்ளையைத் தொட்டுப் பாத்தவ. தொட்டுப் பாத்திட்டுத்தானே கொண்டு போறவை."

முடியவில்லை. அன்றைக்குத்தான் தொடங்கியது. கீழ்வீட்டு யன்னல் ஒன்றும் பிறகு திறபடவில்லை. ஹீட்டர் பகலெல்லாம் எரிந்தது. காற்றில் படுத்துப் பழகிய பிள்ளை முகம் சிவந்து, வேர்த்து, நித்திரை வராமல் கத்தும். தோளில் போட்டுக்கொண்டு அறைக்குள்ளேயே நடப்பாள் இவள். கோடிக் கதவுக்குப் பெனடிக்ற் இரண்டு பூட்டுப் போட்டான். வண்டிலைக் கட்டிலுக்குக் கீழே மடித்துத் தள்ளினான். மொரீன் பிள்ளைக்கு ஒரு சட்டை பின்னி, கடதாசிப் பையில் போட்டு வாசலில் வைத்துவிட்டுப் போனாள். அந்தப் பை ஒருவரும் தொடாமல் வாசலிலேயே கிடந்தது. தபால்காரன் மணி அடித்தாலும் இம்மாகுலேற் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு சமையலறைக்குள் போய் நிற்பாள். கன்னக் குழியைக் காணக் கிடைக்கவில்லை. மீன் வெட்டுவதையும் விட்டுவிட்டாள்.

"பிள்ளையை வண்டிலில வைச்சுச் சந்தைப் பக்கம் தள்ளிக்கொண்டு போயிட்டு வாடி, நான் கூட வாறன்," என்று சொல்லிப் பார்த்தேன். "தாய் பக்கத்தில நிண்டால் ஒருத்தரும் ஒண்டும் சொல்லேலாது."

"ஆர் பாக்கினம் எண்டு தெரியாது அக்கா. எது பிழையெண்டும் எனக்குத் தெரியாது. அங்க தெரியும். இங்க எனக்கு ஒண்டும் தெரியாது."

மாசி மாதத்தில் ஒரு மத்தியானம் அந்தப் பெண் திரும்ப வருவதாகச் சொல்லியிருந்தாள். நான் ஷிப்ட் முடித்து வந்து, குளித்து, மேலே உடுப்பு மாற்றிக்கொண்டிருந்தேன். தெருப்பக்க யன்னலால் பார்த்தால், அவள் எதிர்ப்பக்கத்து நடைபாதையில் வீட்டு இலக்கங்களைப் பார்த்துக்கொண்டு வருகிறாள். சொன்ன நேரத்துக்கு முந்தியே வந்துவிட்டாள். பெனடிக்ற் இன்னும் சந்தையில் இருந்து வரவில்லை. நான் அவசரமாக இறங்கிக் கீழ் அறையைத் தட்டினேன். சத்தம் இல்லை. தள்ளித் திறந்தேன்.

தாயும் பிள்ளையும் மெத்தையில் நல்ல நித்திரை. எத்தனை நாள் நித்திரையோ. பழைய சீலைக் கரையில் கிழித்த ஒரு நாடா, இம்மாகுலேற்றின் மணிக்கட்டில் இருந்து துஷ்யாவின் காலுக்குப் போயிருந்தது. இரண்டு பக்கமும் முடிச்சு. பிள்ளையின் கால் நோகாதபடி உள்ளே பஞ்சு வைத்துக் கட்டியிருந்தாள்.

இதை வருகிறவள் கண்டால் என்ன நினைப்பாள்? முழந்தாளில் இருந்து பிள்ளையின் காலைப் பிடித்து முடிச்சை அவிழ்த்தேன். கடற்கரைக்காரியின் முடிச்சு லேசில் அவிழுமா? நகத்தால் கிளறிக் கிளறி இளக்குகிறபோது வாசல் மணி அடித்தது. நாடா கழன்று என் கையோடு வந்தது. இம்மாகுலேற் கண்ணைத் திறந்தாள்.

அவள் கண்டது பிள்ளையின் காலைப் பிடித்துக்கொண்டிருந்த என்னை. பிறகு வெறும் மணிக்கட்டை. பிறகு வாசல் கண்ணாடியில் தெரிந்த அந்தப் பெண்ணின் உருவத்தை.

"வந்திட்டினமோ?" என்றாள்.

"ஓமடி, வந்திட்டா. எழும்பு, முகத்தைத் துடை. பயப்பிட ஒண்டுமில்லை."

அழுவாள் என்று நினைத்தேன். என் கையைப் பிடிப்பாள் என்று நினைத்தேன். அவள் எழும்பி, அலுமாரியைத் திறந்து, கம்பளிச் சட்டையை எடுத்தாள். தூங்குகிற பிள்ளையைத் தூக்கி இருத்தி, ஒவ்வொரு கையாக நுழைத்தாள். அதற்கு மேல் தடித்த சட்டை. கால் மேசு. கையுறை. அறையோ போறணைபோலக் கொதித்துக்கொண்டு கிடந்தது.

"என்னடி செய்யிறாய்?"

"வெளியில குளிர் அக்கா."

"ஆரடி வெளியில போறது? அவ சும்மா பாக்க வந்தவ."

"தொப்பி போடாமல் குடுக்கேலாது," என்றாள் என்னைப் பார்க்காமல். "காதுக்குள்ள காத்துப் போனால் அவளுக்கு ஒத்துக்கொள்ளாது. அதை அவவுக்குச் சொல்லுங்கோ. பிடரிக்குள்ள கை வைச்சுப் பாக்கவும் சொல்லுங்கோ, கையைத் தொட்டுப் பாத்துக் குளிரெண்டு நினைக்க வேண்டாம்."

மணி திரும்பவும் அடித்தது. நான் கதவைத் திறக்கத்தான் வேண்டும். திறந்தேன். அந்தப் பெண் சிரித்துக்கொண்டு வந்தாள், இந்தமுறை கேளாமலே சப்பாத்தைக் கழற்றினாள். அறை வாசலில் நின்று, மெத்தையில் கம்பளிக்குள் மூடுண்டு முழித்துக்கொண்டிருக்கிற பிள்ளையையும், தொப்பியின் நாடாவை நாடிக்குக் கீழே முடிச்சுப் போட்டுக்கொண்டிருக்கிற தாயையும் பார்த்தாள். பார்த்துவிட்டுச் சந்தோசமாக ஏதோ கேட்டாள்.

இம்மாகுலேற் என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"வெளியில போக வெளிக்கிடுறியளோ எண்டு கேக்கிறா," என்றேன்.

அவள் பிள்ளையின் தொப்பியைக் காதுவரைக்கும் இழுத்து விட்டாள்.

"நாங்களும் கூடப் போறதோ, பிள்ளை மட்டுமோ எண்டு கேட்டுச் சொல்லுங்கோ அக்கா."

அந்தப் பெண் சிரித்தபடி என் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். இதை நான் எந்த வாயால் கேட்பது? அவளைத் தாண்டிப் போய் மெத்தையில் இருந்து, அந்தத் தொப்பியின் முடிச்சை அவிழ்க்கத் தொடங்கினேன்.